நான்காவது ஆளின் கூடை

ஜனவரி 8, திங்கள்
ரொட்டி, அவித்த முட்டை, ஹரீஸா மிளகாய் விழுது, ஆலிவ், சோப்பு. கூடைச் செலவை எழுதிவிட்டேன். கூடையை யார் கொண்டுபோவது?

துனிஸில் ஒரு பிறந்தநாள் விருந்தில், ஆணோடு ஆண் பழகிய குற்றம் என்று நான்கு பேரைப் பிடித்தார்கள். மூன்று பையன்கள்; நான்காவது, என் வீட்டில் மகளாக இருக்கும் துர்ஸாஃப். அவளையும் ஆண்கள் சிறையில்தான் போட்டிருக்கிறார்கள். சொந்தக்காரர் கொடுத்தால்தான் வாசலில் கூடையை வாங்குவார்கள். என் அடையாள அட்டையிலும் இன்னும் ஆண் பெயர்தான். நான் எப்படி அம்மா என்று போய் நிற்பது?

ஜனவரி 11
வானவில் கொடி பிடிக்கும் சங்கத்து கைஸ் வந்தான். விடுதலை கேட்டு அடித்த சுவரொட்டியைக் காட்டினான். மூன்று முகங்கள்.

"துர்ஸாஃப் எங்கடா?"

"அவ கேஸைத் தனியாப் பிரிச்சாச்சுக்கா. பாவாடை கட்டின ஆளோட சேத்துப் பாத்தா நீதிபதி இவனுங்களையும் விடமாட்டாருன்னு வக்கீல் சொல்றாரு."

"அவளுக்கு வக்கீல்?"

"முதல்ல இவனுங்க வெளிய வரட்டும். நீங்களும் கோர்ட் பக்கம் வராதீங்க. தப்பா எடுத்துக்காதீங்கக்கா."

இரண்டு தட்டு குஸ்குஸ் சாப்பிட்டுவிட்டுத்தான் போனான். அந்த வானவில் கொடி எங்களுக்கும் சேர்த்துத்தானே?

ஜனவரி 16, செவ்வாய்
சிறை வாசல் வரிசையில் ஹல்லூமா, பையன்களில் ஒருவனின் அம்மா. பாய்ந்தாள்: "எம்புள்ளைய கெடுத்ததே உங்க கூட்டம்தான்!" பிறகு என் கூடைக்குள் எட்டிப் பார்த்தாள். "இதுவா முட்டை? கல்லு மாதிரி இருக்கு. குடு, என் கூடையில வைக்கிறேன். உள்ள ஒரே அறையிலதான கெடக்குதுங்க."

அவள் கையைப் பிடித்துக்கொண்டு அழுதேன்.

ஜனவரி 26, வெள்ளி
மூன்று பேருக்கும் விடுதலை. சந்தோஷம்தான். ஆனால் ஹல்லூமாவின் கூடை நின்றுபோயிற்றே — இனி யார் கூடையில் வைப்பேன்?

கைஸ் போனில் கூப்பிட்டான். "விடுதலை விருந்துக்கு மக்ரூத் இனிப்பு செஞ்சு அனுப்புங்கக்கா. நீங்க வரவேணாம், கேமரா இருக்கும்."

அடுப்பே பத்தவைக்கல. தொழுகைப் பாயில உக்காந்து கேட்டேன்: என்னைப் படைச்சவனே, இன்னும் எந்த வாசல்லதான் போய் நிக்கச் சொல்ற?

ஜனவரி 28
பாஜா ஊருக்குப் போனேன். துர்ஸாஃபைப் பெற்றவள் கதவைத் திறக்கவில்லை.

"எனக்கு அப்படி ஒரு புள்ளயே இல்ல. போ."

கதவைப் பார்த்துச் சொன்னேன்: "அதுக்குப் பசிக்கும்மா. வேற ஒண்ணும் இல்ல." செவ்வாய்க்கிழமை, எந்த வாசல், எல்லாம் சொல்லிவிட்டு பஸ் ஏறினேன்.

ஜனவரி 29
தூக்கமில்லை.

ஜனவரி 30, செவ்வாய்
பெற்றவள் வந்திருந்தாள். என் கூடையை வாங்கித் திறந்து ஆலிவை மட்டும் வெளியே எடுத்து வைத்தாள். "இது வயித்துக்குச் சேராது. சின்னதுலேர்ந்தே." வாசலில் கொடுத்தாள். வாங்கிக்கொண்டார்கள்.

காலிக் கூடை துர்ஸாஃபின் அழுக்குத் துணியோடு திரும்பி வந்தது. சட்டைக் கழுத்தெல்லாம் நீளநீளமாக முடி. வெட்டிவிட்டார்கள். இடுப்பு வரை வளர்த்திருந்தாள்.

அந்த அம்மா நடைபாதையிலேயே உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் பொறுக்கிக் கைக்குட்டையில் போட்டாள். நான் கூடையைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

முடித்துவிட்டு, முகத்தைப் பார்க்காமலே கேட்டாள்:

"அடுத்த செவ்வாய் நான் என்ன செஞ்சு எடுத்துட்டு வரணும்?"