மேல்வீட்டு அக்காவிடம் இருந்த சாவி

அன்பு மகளுக்கு அம்மா எழுதுவது. இங்கே என் கை எலும்பு கூடிவிட்டது, கட்டுப் பிரித்து மூன்று வாரம் ஆகிறது, அங்கே நீயும் மாப்பிள்ளையும் ஒரு குறையும் இல்லாமல் இருக்க வேண்டும். உட்கார்ந்து படி. இன்றைக்குக் காலையில் நான் மறுபடியும் வண்டி ஓட்டச் சொல்லிக்கொடுத்தேனடி!

நான் படியில் விழுந்த நாளிலிருந்து மேல்வீட்டு அக்கா செய்ததைக் குறை சொன்னால் என் நாக்கு அழுகிவிடும். சூப் வைத்துக் கொடுத்தார், தலை வாரிவிட்டார், மாத்திரையை நேரம் தவறாமல் நீட்டினார். கார் சாவியையும் "எங்கிட்டயே பத்திரமா இருக்கட்டும்" என்று வாங்கி வைத்தார். பிறகு என் போன் அடித்தால், "நீ ரெஸ்ட் எடு" என்று அவரே எடுத்துப் பேச ஆரம்பித்தார். கட்டுப் பிரித்த பிறகும் வண்டி கற்றுக்கொள்ள ஒருவர்கூட வரவில்லை, மறந்துவிட்டார்கள் போலிருக்கிறது என்று நானும் மனதைத் தேற்றிக்கொண்டேன்.

போன வியாழக்கிழமை மருந்துக் கடையில் அந்த நர்ஸ் பெண்ணைப் பார்த்தேன், லைசென்ஸ் டெஸ்டில் இரண்டு தடவை கோட்டைவிட்டு என்னிடம் வந்தவள். "மேடம், உங்களுக்குக் கை நடுங்குது, இனிமே வண்டியே தொடமாட்டீங்கன்னு மேல்வீட்டம்மா போன்ல சொன்னாங்களே" என்றாள். இரண்டு கையையும் நீட்டிக் காட்டினேன். நடுங்கத்தான் செய்தது, கோபத்தில்.

நேரே மாடியேறி, "அக்கா, சூப் ரொம்ப நல்லா இருந்துச்சு, சாவியக் குடுங்க" என்றேன். அவர் கண்கலங்கி, "உன் நல்லதுக்குத்தானே செஞ்சேன், உன் பொண்ணுதான் வண்டிய எடுக்க விடாதீங்கன்னு சொன்னா, வாரா வாரம் அவகிட்ட கேட்டுட்டுத்தான் எல்லாம் பண்றேன்" என்றார். அவர் நாற்காலியிலேயே உட்கார்ந்துவிட்டேன். ஆனாலும் நீட்டிய கையை மடக்கவில்லை. சாவி வந்தது.

இன்றைக்கு நர்ஸ் பெண் ஓட்டினாள், நான் பக்கத்தில். ஆஸ்பத்திரித் திருப்பத்தில் லாரி ஒன்று குறுக்கே வந்தது, சொல்லிக்கொடுப்பவருக்கென்று என் காலடியில் வைத்திருக்கிற பிரேக்குக்கு என் கால் தானாகப் போனது. பல்லைக் கடித்துக்கொண்டு பின்னால் இழுத்துக்கொண்டேன். அவளே நிறுத்தினாள், அழகாக! இரண்டு பேரும் சத்தம் போட்டுச் சிரித்தோம். நாளைக்கு இன்னும் மூன்று பேர் வருகிறார்கள். அக்கா முகம் கொடுத்துப் பேசுவதில்லை, நானும் விடப்போவதில்லை, ஞாயிற்றுக்கிழமை அவரைக் காற்றாட வெளியே கூட்டிப்போகிறேன், பின்சீட்டில்.

நீ பயத்தில்தான் சொல்லியிருப்பாய், அது தெரியாதவளா நான். ஆனால் என் கை எப்படி இருக்கிறது என்று இனிமேல் என்னிடமே கேள், வலித்தால் வலிக்கிறது என்பேன். இரண்டு பேரும் நூறு வருஷம் நன்றாக இருங்கள். பல் டாக்டரிடம் போவதைத் தள்ளிப்போடாதே, இது ஆசையாகச் சொல்வது, போவதும் போகாததும் உன் இஷ்டம்.

உன் அம்மா
(காலை ஏழிலிருந்து பத்து வரை போன் எடுக்கமாட்டேன், பாடம் நடக்கும்)