அருவிவெள்ளிச் சொம்பு

ஆடி 9, வெள்ளி

கீழப்பாவூர்ப் பெண் ஒருத்தி இன்று எங்கள் பாத்திரக்கடைக்கு ஒரு சொம்பு கொண்டுவந்தாள். அது அருவிவெள்ளி. குற்றாலத்தில் வெள்ளம் வடிந்த பிறகு பாறை இடுக்கில் எப்போதாவது கிடைக்கும் உலோகம். இருபது வருஷமாகப் பாத்திரங்களில் பேர் வெட்டுகிறேன். இன்றுதான் அதைத் தொட்டேன். பூனைக்குட்டி போலக் கதகதப்பாக இருந்தது.

"என் பேரு செல்வி. புருஷன் இனிஷியல் போட்டு வெட்டுங்கக்கா."

'மு. செல்வி' என்று வெட்டினேன். பேர் நின்றது. 'மு' மட்டும் புண் ஆறுவதுபோல் மூடிக்கொண்டது. மறுபடி வெட்டினேன், மறுபடியும் மூடியது. எவர்சில்வரில் ஒரு புள்ளி தப்பினால்கூட அழிக்க முடியாது. உளியைக் கீழே வைத்துவிட்டேன்.

"நான் எதுவும் தப்பா வெட்டுதேனாம்மா?"

அவள் சொம்பையே பார்த்தாள். "இல்லக்கா. அவரு என்னைய விட்டுட்டுப் போயி ரெண்டு வருஷமாச்சு. எங்கம்மைட்ட கூடச் சொல்லல. இதுக்கு எப்படித் தெரிஞ்சுது?"

வெட்டிப் பழக அவள் கொடுத்த நகத்தளவு அருவிவெள்ளித் துண்டு இதோ வீட்டு மேசையில் கிடக்கிறது. என் பேரை வெட்டினேன், நிற்கிறது. என் வீட்டுக்காரர் உள்ளே தூங்குகிறார். அவர் இனிஷியலுக்கு இடம் விட்டிருக்கிறேன்.