எட்வினுக்குப் பிறகு உன் பெயர்

படம் தொடங்குமுன்னமே போய்க் கதிரை பிடிக்கும் என் மெர்லின் அக்காவுக்கு,

இப்போது பின்னேரம். வாவியில் பட்ட வெயில் நம் வீட்டுச் சீலிங்கில் அசைகிறது. போன மாசியில் நீ கண்மூடிய கட்டிலில் படுத்துக்கொண்டுதான் எழுதுகிறேன். கடைசி நாட்களில் இந்த வெளிச்சத்தைக் காட்டி, தங்கச்சி எனக்கும் நம் ஊர் வழக்கப்படி 'கா' போட்டு "படம் ஓடுதுகா" என்பாயே, அதே ஆட்டம்தான்.

உனக்கு ஒரு செய்தி இருக்கிறது. அதற்கு முன் எட்வினைப் பற்றிச் சொல்லவேண்டும். இதை வாசிக்கும் மற்றவர்களுக்கு அவரைத் தெரியாதே.

ஊருலகம் கதாநாயகனைப் பார்த்தபோது என் அக்கா பார்த்தது, அவனுக்குக் கதவு திறந்துவிட்டவரை. அமெரிக்கப் படங்களில் சின்னச் சின்ன வேஷம் கட்டிய மனுஷன். ஒன்றில் ஹோட்டலில் சாவி எடுத்துக் கொடுப்பார், இன்னொன்றில் டாக்ஸி ஓட்டுவார், குதிரைப் படமென்றால் முதல் வெடியிலேயே விழுவார். இரண்டு வசனம் கிடைத்தாலே பெரிய காரியம். தொடக்கத்தில் போடும் பெயர்களில் கடைசியாக, பொடி எழுத்தில் அவர் பெயர் வரும். அதைப் பிடிக்கத்தானே என்னை மத்தியான வெயிலில் இழுத்துக்கொண்டு ஓடினாய்?

நம் டவுன் தியேட்டருக்குப் படங்கள் பழசாகித்தான் வரும், அதுவும் தாறுமாறாக. ஒரு கிழமை எட்வின் நரைத்த தலையோடு ஸ்டேஷன் மாஸ்டராக இருமுவார். அடுத்த கிழமை கருகருவென்ற முடியோடு மாலுமி உடுப்பில் சிரிப்பார். போன மாதம் செத்தவர் இந்த மாதம் சிகரெட் பற்றவைப்பார். இருட்டுக்குள் உன் கை என் கையை இறுக்கும். "பாத்தியாகா, வந்திட்டார்!"

ஒரு படத்தில் அவர் சுடுபட்டுக் கிடக்க, கதாநாயகன் அவரைத் தாண்டிக் குதித்துக் குதிரை ஏறிப் போய்விட்டான். உனக்கு முகமே செத்துப்போயிற்று. வீடு திரும்பும் வழியில் பாலத்தடியில் நின்று சொன்னாய்: "அந்த மனுசனுக்கு ஒருத்தரும் ஒரு செபம் சொல்லல்லகா."

அந்த நவம்பரில், மரித்தவர்களுக்கான பூசைக்கு நம் வீட்டுப் பெயர்களைக் கொடுத்தபோது எட்வினையும் சேர்த்துவிட்டாய். பங்குச் சாமி அதையும் வாசித்தார். போர்த்துக்கேய வழிவந்த நம் பறங்கியர் வீடுகளில் எட்வின்களுக்கா பஞ்சம்? ஒருவரும் ஆரென்று கேட்கவில்லை. அடுத்த மாதமே அவர் திரையில் பஸ்ஸிலிருந்து இறங்கினார். நான் விழுந்து விழுந்து சிரித்தேன். நீ அசையவில்லை. "இருக்கட்டும், எப்பயாவது சாவார்தானே." அன்றிலிருந்து ஒரு வருஷமும் நீ அவரை விடவில்லை.

இனிச் செய்தி. இந்த நவம்பரில் பெயர் கொடுக்க நான் போனேன். பப்பா, மம்மா, மாமா, எட்வின். அதோடு என் வாய் கட்டிக்கொண்டது. புதுச் சாமி வயதில் சின்னவர், பொறுமைசாலி.

"எட்வின் உங்களுக்கு என்ன முறை, அன்ரி?"

"எங்கட வீட்டு ஆள், ஃபாதர்."

"அக்காட பேரைச் சொல்லல்லையே?"

சொன்னால் நீ செத்துப்போவாய் என்று பட்டது. உன் குழியில் மண் போட்டவள்தான் நான். இருந்தும் அந்த வரிசையில் உன்னை வைக்க நாக்கு எழவில்லை. "மறுகா வாறன் ஃபாதர்" என்று தவணை சொல்லிவிட்டு வந்து இந்தக் கட்டிலில் விழுந்தேன். அழுதேன், அக்கா. அழுதபடியே தூங்கிவிட்டேன்.

கண் விழித்தபோது சீலிங்கில் வெளிச்சம் ஆடிக்கொண்டிருந்தது. சற்றுமுன் கனவில் நீ பதினெட்டு வயதில், மஞ்சள் கவுனோடு நின்று "கெதியா வாகா, பேர் போடப்போறான்" என்றாய். முந்தின நாள் கனவில் பல்லில்லாமல் கஞ்சி குடித்தாய். அதற்கும் முதல் நாள் நடுவயதில் தையல் மெஷினை மிதித்துக்கொண்டு என்னை ஏசினாய். நீயும் தாறுமாறாகத்தான் வருகிறாய். எட்வினும் அப்படித்தானே வந்தார்? எத்தனை தரம் பூசையில் பெயர் வாசித்தும் அவர் வருவதை நிறுத்தினாரா?

எழும்பி முகம் கழுவிக்கொண்டு திரும்பப் போனேன்.

பூசையில் சாமி வாசித்தார்: எட்வின், மெர்லின். என் கை தன்பாட்டில் பக்கத்தைத் தடவியது. நான் உட்கார்ந்திருந்த வாங்கின் வெறும் பலகைதான். இருந்தும் இறுக்கிப் பிடித்துக்கொண்டு மெல்லச் சொன்னேன்: "பாத்தியா அக்கா, வந்திட்டாய்."

இனி ஒவ்வொரு நவம்பரும் இரண்டு பெயரையும் சேர்த்தே கொடுப்பேன். நீ எந்த வயதிலும் வா, எந்த வேஷத்திலும் வா. பெயர் போடுமுன்னமே நான் வந்து இருப்பேன்.

உன் பக்கத்துக் கதிரையில் இருக்கும்
தங்கச்சி டொரின்