நம்ம ஊர் நூறு மீட்டர்

சான் ஹோசே
வெள்ளிக்கிழமை, மழைக்கு முன்

அன்பு மகள் ஹானியாவுக்கு,

இங்கே நான் சுகம், உன் அப்பா சுகம், என் இடது முழங்கால் சுகம். வலது முழங்காலைப் பற்றி நீ கேட்கவும் வேண்டாம், நான் சொல்லவும் வேண்டாம். அந்த ரோட்டர்டாம் குளிரில் தலைக்குத் தொப்பி போட்டுக்கொண்டு வேளைக்குச் சாப்பிட்டுக்கொண்டு இருக்கிறாய் என்று நம்பித்தான் இதை எழுதுகிறேன். பேசி அனுப்பாமல் எதற்குக் காகிதம் என்று கேட்பாய். நான் பேசி அனுப்புவதையெல்லாம் நீ இரண்டு மடங்கு வேகத்தில் ஓடவிட்டுக் கேட்கிறாய் என்று போன மாதம் உன் வாயாலேயே உளறினாயே, "நீ பேசுறது அணில் கத்துற மாதிரி இருக்கும்மா" என்று சிரிப்பு வேறு. காகிதத்தை வேகமாக ஓடவிட முடியாது பார், அதனால்தான். உன் அப்பா பக்கம் பக்கமாகப் போட்டோ எடுத்து இன்றைக்கே அனுப்புவார், கடைசிப் பக்கம் வரை படி. முதலில் ஒன்று சொல்லிவிடுகிறேன். செவ்வாய்க்கிழமை நீ குரல் பதிந்து அனுப்பிய நடைச் சுற்றுலாவைப் பற்றி, எல்லாம் நன்றாக இருக்கிறது மகளே, ஒரு தப்பும் இல்லை என்று செய்தி அனுப்பினேனே, அது பொய். பச்சைப் பொய். ஏன் சொன்னேன் என்பதும் இதில் வரும், அதுவரை போன் போட்டுக் கத்தாதே.

நீ கேட்டபடிதான் செய்தேன். "அம்மா, எட்டு வருஷமா நான் அந்தத் தெருவுல நடக்கலை, ஞாபகத்துலேர்ந்துதான் எழுதிப் பேசியிருக்கேன், நீ காதுல மாட்டிக்கிட்டு ஒரு தடவை நடந்து பாத்துட்டு எங்க தப்புன்னு சொல்லு. இந்த மாசக் கடைசியில முதலாளியம்மா இதை வெச்சுத்தான் என்னை நிரந்தரம் பண்றதா வேண்டாமான்னு முடிவு பண்ணுவாங்க. இது ஊத்திக்கிச்சுன்னா மூட்டையைக் கட்டிக்கிட்டு உன்கிட்டயே வந்துடுறேன்" என்றாய். முன்னால் சொன்னதெல்லாம் ஒரு காதில் வாங்கி மறு காதில் விட்டேன், அந்தக் கடைசி வரி மட்டும் நெஞ்சில் போய்ச் சம்மணம் போட்டு உட்கார்ந்துகொண்டது. அதை நீ என்னிடம் சொல்லியிருக்கவே கூடாது.

செவ்வாய் காலை ஒன்பது மணிக்கு மத்தியப் பூங்காவில் போய் நின்று உன் அப்பாவின் இயர்போனை மாட்டினேன். அதில் வலது பக்கம் வேலை செய்யாது, அதனால் நீ என் இடது காதில் மட்டும் இருந்தாய். "வணக்கம், வாங்க, நான் ஹானியா, இன்னிக்கு உங்களை எங்க ஊருக்குள்ள கூட்டிக்கிட்டுப் போறேன்" என்றாய் பார், அடேயப்பா, என்ன மரியாதை! பிறந்ததிலிருந்து என்னை நீ ஒரு நாள் வாங்க போங்க என்றதில்லை. நிமிர்ந்து மணிக்கூண்டைப் பாருங்கள் என்றாய், பார்த்துட்டேன்டி என்றேன். அவசரப்படாமல் ரோட்டைக் கடந்து வாருங்கள் என்றாய், உனக்கென்ன, பஸ்காரன் தலைதெறிக்க வர்றான், எங்கேர்ந்து கடக்கிறது என்றேன். இதையெல்லாம் நான் சத்தமாகவே சொல்லியிருக்கிறேன் போலிருக்கிறது. மூலையில் லாட்டரிச் சீட்டு விற்கிற கெரார்தோ எழுந்து வந்து என் கையைப் பிடித்துத் தன் நாற்காலியில் உட்கார வைத்து, "ஒதிலியே அம்மா, யார்கிட்ட பேசிக்கிட்டிருக்கீங்க?" என்று கேட்டான். என் மகளிடம் என்றேன். "மக எங்க இருக்கா?" ரோட்டர்டாமில் என்றேன். "அப்ப இங்க ரோட்டைக் கடக்கச் சொல்றது யாரு?" அவள்தான் என்றேன். மனுஷன் பயந்துபோய் ஒரு தண்ணீர் பாட்டிலை என் கையில் திணித்துவிட்டு உன் அப்பாவுக்குப் போன் போட்டுவிட்டான். அந்த நேரம் பார்த்து நீயும், தாகமாக இருந்தால் ஒரு வாய் தண்ணீர் குடித்துக்கொள்ளுங்கள் என்றாய். குடித்தேன். பெற்ற மகள் சொல்லி நான் கேட்டது அதுதான் முதல் தடவை.

குறை சொல்வதற்கென்றே போனவள் நான், இருந்தாலும் சொல்கிறேன், அழகாகப் பேசியிருக்கிறாய். சந்தைக்குள் எந்தப் பக்கம் மீன் வாடை அடிக்கும், எந்தப் பக்கம் மூலிகைக் கட்டு மணக்கும் என்று வாடையை வைத்தே வழி சொன்னாயே, அந்த இடத்தில் எனக்குப் பெருமையாக இருந்தது. பசி எடுக்கிறவர்கள் இங்கே சாப்பிட்டுக்கொள்ளலாம் என்றாய், சரி என்று உட்கார்ந்து பீன்ஸ் கலந்த சோறும் முட்டையும் வாங்கினேன். உன்னை நிறுத்துகிற பொத்தானை அமுக்க மறந்துவிட்டேன், நான் ரெண்டாவது கரண்டி வாயில் வைப்பதற்குள் நீ பாட்டுக்கு அடுத்த இடத்துக்குப் போய்விட்டாய். சின்ன வயதிலிருந்தே உனக்கு அந்தக் குணம், பின்னால் அம்மா வருகிறாளா என்று திரும்பியே பார்க்க மாட்டாய்.

சந்தையிலிருந்து கிழக்கே ஐந்நூறு மீட்டர் போனால் நாடக அரங்கம் என்றாய். ஐந்து தெருமுனை எண்ணினேன், வந்துவிட்டது, தப்பே இல்லை என்று நினைத்தேன். பிறகு மருந்துக் கடைக்குப் போவதற்காக இன்னொரு முனை தாண்டினால், பல்செட் செய்கிற கடை வாசலில் விளக்குக் கம்பம் உயரத்துக்கு ஒரு வெள்ளைக்கார மனிதரும் அவர் மனைவியும் கண்ணாடிப் பெட்டியில் வரிசையாகச் சிரிக்கிற பற்களைப் பார்த்தபடி பக்தியோடு நிற்கிறார்கள். அவர் கையிலிருந்த போனில் உன் சுற்றுலா, அதில் உன் முகம்! என்ன ஐயா பார்க்கிறீர்கள் என்று கேட்டேன். நம் மொழியைப் புத்தகத்திலேயே படித்து முடித்தவர் போலிருக்கிறது, "அம்மையீர், பளிங்குப் படிகளும் தேவதைச் சிலைகளும் இவ்விடத்தே உள்ளன எனச் செவியுற்றோம், அவை யாண்டுள்ளன?" என்றார். அவர் பெயர் யோஸ்ட், அம்மாள் பெயர் மரெய்க்கே. உன் முதலாளியம்மா வெள்ளோட்டம் பார்க்க அனுப்பிய ஆட்கள் இவர்கள்தானாம், நடந்து பார்த்து அறிக்கை எழுதப் போகிறார்களாம். நீ என் மகள் என்பதை நான் சொல்லவில்லை.

எப்படி வழி தவறினார்கள் என்று எனக்கு அப்போதே விளங்கிவிட்டது. நமக்கு நூறு மீட்டர் என்றால் ஒரு முனையிலிருந்து அடுத்த முனை, ஐம்பது மீட்டர் என்றால் பாதித் தெரு, அவ்வளவுதானே? அதை எவன் நாடா பிடித்து அளந்தான்? யோஸ்ட் அளந்தார்! போனை வைத்து அளந்துகொண்டே நடக்கிறார். நம் தெரு ஒன்று எண்பத்து நாலு மீட்டர்தான் வருகிறதாம். நீ ஐந்நூறு என்றால் மனிதர் ஐந்நூறு மீட்டரும் நடந்து தீர்த்துவிட்டுத்தான் நிற்கிறார், நாடக அரங்கத்தைத் தாண்டிப் பல்செட்டுக்கு. எட்டு வருஷம் அந்த ஊர்ச் சோற்றைத் தின்றும் நீ மீட்டர் என்று சொல்லும்போது இந்த ஊர்க்காரியாகத்தான் இருக்கிறாய், எனக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. அவர்களை நாடக அரங்கத்தில் கொண்டுபோய் விட்டேன். அதற்குள் தினமும் மத்தியானம் இரண்டு மணிக்கு வருகிற மழை பிடித்துக்கொண்டது. மீதி இரண்டு இடத்துக்கும் வியாழக்கிழமை துணைக்கு வர முடியுமா என்று கேட்டார்கள், வருகிறேன் என்றேன். நல்ல மனதோடு சொல்லவில்லை ஹானியா. இன்னும் எவ்வளவு மோசமாக வழி தவறுகிறார்கள் என்று பார்க்கத்தான் சொன்னேன். வீட்டுக்கு வந்து ஈரத் தலையைக்கூடத் துவட்டாமல் உனக்கு அந்தப் பொய்யை அனுப்பினேன். இது ஊத்திக்கொள்ளட்டும், என் மகள் வரட்டும் என்று நினைத்தேன். உன் அறையில் இருக்கிற தையல் மிஷினை எங்கே நகர்த்தி வைப்பது என்றுகூட யோசித்துவிட்டேன். உன் அப்பாவிடம் சொன்னதும் அவர் பேப்பரை மடித்து வைத்துவிட்டு, "அவ காலை வாரிவிட்டுத்தான் அவளை வீட்டுக்குக் கூட்டிக்கிட்டு வரணுமா ஒதிலியே?" என்றார். உங்களுக்கு மகள் மேல் பாசமே இல்லை என்று அவர் மேல் பாய்ந்தேன். புதன்கிழமை முழுக்க நாங்கள் பேசிக்கொள்ளவில்லை. உப்பு வேண்டும் என்றால்கூட அவர் பூனையிடம்தான் கேட்டார்.

வியாழக்கிழமை எட்டாவது இடம், பழைய ஐஸ் ஃபேக்டரி. அதை நீ பிறப்பதற்கு முன்பே இடித்துக் கார் நிறுத்துகிற இடம் ஆக்கியாயிற்று, அதைப் போய் அடையாளம் சொல்லியிருக்கிறாய், நானாக இருந்தாலும் அதைத்தான் சொல்லியிருப்பேன். யோஸ்ட் ஐந்து பேரிடம் கேட்டார், ஐந்து பேரும் காலி மைதானத்தைக் காட்டி, அதோ ஐஸ் ஃபேக்டரி என்றார்கள். கார் பார்த்துக்கொள்கிறவர், "இதான் சார் ஐஸ் ஃபேக்டரி, உள்ள வாங்க" என்று கை காட்டி வரவேற்கவே செய்தார். யோஸ்ட் தலையைச் சொறிந்துகொண்டு, "இல்லாத ஒன்று எங்ஙனம் அடையாளமாகும், அம்மையீர்?" என்று கேட்டார். எல்லாருக்கும் தெரிகிறதே, அப்புறம் என்ன என்றேன். அவர் அந்தக் காலி இடத்தையும் அந்தக் கார்க்காரரையும் சேர்த்து ஒரு போட்டோ எடுத்துக்கொண்டார்.

பிறகு ஒன்பதாவதை அமுக்கினேன். ஐஸ் ஃபேக்டரியிலிருந்து வடக்கே முந்நூறு மீட்டர், கிழக்கே ஐம்பது என்றாய். முப்பது வருஷமாக எந்தக் காகிதத்தை நீட்டினாலும் நான் எழுதுகிற முகவரி அல்லவா அது! "பச்சைக் கேட்டு. மணியை அமுக்காதீங்க, அது செத்துப் பதினோரு வருஷம் ஆச்சு. ஊப்பே!ன்னு நல்லா சத்தமாக் கூப்பிடுங்க, எங்க ஊர்ல அதுதான் மணி. எங்க அம்மா வருவாங்க. முதல்ல கொஞ்சம் திட்டுவாங்க, பயந்துடாதீங்க, திட்டிக்கிட்டேதான் காபிக்குத் தண்ணி வெப்பாங்க. இந்த ஊர்ல நீங்க பாக்க வேண்டியதை எல்லாம் காமிச்சுட்டேன். இது நான் பாக்கணும்னு நினைக்கிறது. எனக்காக ஒரு தடவை பாத்துட்டு வாங்க" என்றாய்.

அந்தக் கார்கள் நடுவில் நின்று நான் அழுதேன் மகளே, மூக்கைச் சிந்தி அழுதேன். யோஸ்ட், "தங்கட்கு உடல்நலக் குறைவோ?" என்கிறார், கார்க்காரர் தன் முக்காலியைத் தூக்கிக்கொண்டு ஓடி வருகிறார். பேசுகிறது என் மகள், கூப்பிடச் சொல்கிறது என்னை என்றேன். மரெய்க்கே என்னைக் கட்டிப் பிடித்துக்கொண்டாள், நல்ல பெண். ஆனால் யோஸ்ட் யோஸ்ட்தான், அளக்காமல் வர மாட்டேன் என்று போனைப் பிடித்துக்கொண்டு முன்னால் போனார். வடக்கே முந்நூறை அளந்து தீர்த்து, கிழக்கே ஐம்பதை அளந்து தீர்த்து எங்கே போய் நின்றார் தெரியுமா, நம் தெருவுக்குப் பின்னால் இருக்கிற சவப்பெட்டிக் கடையில்! அங்கே நின்று ஊப்பே என்று கத்தியும்விட்டார். நல்ல வேளை, பதில் சொன்னது கடைக்காரர்தான். யோஸ்ட்டைப் பார்த்ததும் அந்த மனிதர், "இந்த நீளத்துக்கு நாங்க செய்யறதில்லையே" என்றாராம்.

அவரை இழுத்துக்கொண்டு வந்து நம் பச்சைக் கேட்டின் முன்னால் நிறுத்தினேன். சாவி என் பையில்தான் இருந்தது. எடுக்கவில்லை. மூன்று பேரும் சேர்ந்து ஊப்பே என்று கூப்பிட்டோம். உன் அப்பா அரை டிரவுசரோடு பேப்பரைக் கையில் பிடித்தபடி வெளியே வந்து, "ஏண்டி, உன் வீட்டுக்கு நீயே நின்னு கூப்பிடுறியே, சாவியைத் தொலைச்சுட்டியா?" என்றார். செவ்வாய்க்கிழமைக்குப் பிறகு என்னிடம் அவர் பேசிய முதல் பேச்சு அது. நான் அந்த இயர்போனை எடுத்து அவர் காதில் மாட்டிவிட்டேன். கேட்டு முடித்ததும் எங்கள் யாருக்கும் முகத்தைக் காட்டாமல், "நான் காபிக்குத் தண்ணி வெக்கிறேன்" என்று உள்ளே போனார், அவர் கல்யாணமான நாளிலிருந்து காபிக்குத் தண்ணீர் வைத்ததில்லை.

இப்போது காரியத்துக்கு வருகிறேன், இதைக் கவனமாகப் படி. மீட்டர் என்று சொன்ன இடத்திலெல்லாம் மீட்டரை எடுத்துவிட்டு இத்தனை தெருமுனை என்று மாற்றிப் பேசு. ஐஸ் ஃபேக்டரி இருந்த இடத்தில் இப்போது கார் நிற்கிறது என்று சொல். யோஸ்ட்டிடம் பேசிவிட்டேன், நீ திருத்தி அனுப்புகிற வரை அறிக்கை எழுதாமல் காத்திருக்கிறேன் என்று சத்தியம் செய்திருக்கிறார், சோள ரொட்டியும் மூன்று கப் காபியும் உள்ளே போயிருக்கிறது, வார்த்தை மாற மாட்டார். இன்றைக்கே உட்கார்ந்து திருத்து. உன்னை நிரந்தரம் பண்ணட்டும். எனக்கு வயிறு எரியும், எரிந்தால் எரியட்டும், அதற்காக நீ தப்பும் தவறுமாக வேலை பார்த்தாய் என்று ஒருத்தி சொல்லக் கூடாது. ஒன்பதாவதில் மட்டும் முனைக் கணக்கைத் தவிர ஒரு சொல்லையும் தொடாதே. பெற்றவளைக் கேட்காமல் ஊரில் போகிறவனையெல்லாம் காபிக்கு அனுப்புகிறாயே, உனக்கு எவ்வளவு கொழுப்பு, வீட்டில் ஆறு கப்தான் இருக்கிறது, அதில் ஒன்றுக்குக் காது கிடையாது, கூட்டமாக அனுப்பாதே.

உன் அப்பா நேற்று சாயங்காலமே ஸ்க்ரூடிரைவரை எடுத்துக்கொண்டு மணியைச் சரி பண்ணக் கிளம்பினார், கையிலிருந்து பிடுங்கி வைத்துவிட்டேன். அது செத்தபடியே கிடக்கட்டும். இனிமேல் வாசலில் ஊப்பே என்று யார் கூப்பிட்டாலும் நீதானோ என்று அடுப்பை விட்டு ஓடி வரப் போகிறேன், அது என் தலையெழுத்து. வருகிறவர்களுக்கெல்லாம் திட்டும் கிடைக்கும், காபியும் கிடைக்கும். ஒரு நாள் நீயே வந்து கூப்பிடு, உனக்குத் திட்டு இரண்டு மடங்கு.

தேவதைகளின் மாதா உன்னைக் கண் போலக் காக்கட்டும், உன் தொண்டைக்கு ஒரு குறையும் வராமல் இருக்கட்டும். தொப்பியை மறக்காதே. என் குரல் செய்திகளை இனிமேல் மெதுவாகக் கேள், நான் உன்னுடையதை அப்படித்தான் கேட்டேன்.

உன் அம்மா,
ஒதிலியே
ஐஸ் ஃபேக்டரியிலிருந்து வடக்கே முந்நூறு மீட்டர், கிழக்கே ஐம்பது. நம்ம மீட்டர்.