நடக்காத விழாவின் செய்தி

பாய்,

இன்று கூரியர் அலுவலகத்தில் ரசீது எழுதிய பெண், அடியில் கார்பன் தாளை வைத்து அழுத்தி எழுதினாள். என் விரலில் நீலம் ஒட்டிக்கொண்டது. முகர்ந்து பார்த்தேன், அவள் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தாள். போன வாரம் உங்கள் மகன் போன் செய்து நீங்கள் போய்விட்டதைச் சொன்னபோது வராத அழுகை, அந்த வரிசையில் நின்றபோது வந்தது.

எண்பதுகளில் தர்மபுரியில் நாம் இருவரும் பகுதிநேர நிருபர்கள். உங்களுக்கு ஒரு பத்திரிகை, எனக்கு வேறொன்று. உங்கள் தையல் கடையில் துணி வெட்டும் மேசைதான் நம் அலுவலகம். ஒரு நிகழ்ச்சிக்கு ஒருவர் போனால் போதும். எழுதி, கார்பன் நகலை மற்றவருக்குக் கொடுத்துவிடுவது நம் வழக்கம். இரண்டு கவர்களும் ஒரே பஸ்ஸில் சேலத்திலிருந்த பத்திரிகை அலுவலகங்களுக்குப் போகும்.

பாப்பாரப்பட்டிப் பள்ளிக் கட்டடத் திறப்பு விழா என் முறை. எனக்கோ, சென்னைக்கு அனுப்ப வேண்டிய தொலைக்காட்சி நாடகம் பாதியில் நின்றிருந்தது. அழைப்பிதழைப் பார்த்தே விழாவை எழுதிவிட்டேன். யார் என்ன பேசினார், மாணவிகள் என்ன பாடினார்கள், கைத்தட்டல், எல்லாம் போட்டேன். நகலை நீட்டியபோது, "கூட்டம் எப்படிங்க?" என்றீர்கள். "நல்ல கூட்டம் பாய்" என்றேன். வசனம் எனக்கு அன்றைக்கே நன்றாக வந்தது.

ஆனால் விழா நாள் காலையில் ஊர்ப் பெரியவர் ஒருவர் இறந்துபோக, விழாவையே தள்ளிவைத்திருந்தார்கள். என் பத்திரிகையில் இடமில்லாமல் செய்தி விடுபட்டது. உங்களுடையதில் கைத்தட்டலோடு வந்தது.

சேலத்துக்குக் கூப்பிட்டு, யார் எழுதியது என்று கேட்டார்கள். "நான்தாங்க" என்று சொல்லி, நிருபர் அட்டையைக் கொடுத்துவிட்டு வந்தீர்கள். நான் போய் உண்மையைச் சொல்கிறேன் என்று கிளம்பினேன். சட்டைக்குக் காஜா எடுத்தபடி, நிமிராமல் சொன்னீர்கள்: "நீங்க போயி சொன்னா உங்களுதும் போயிரும். எனக்கு என்ன, திருப்பியா குடுத்துருவாங்க? ஒருத்தராச்சும் எழுதுங்க." உங்களுக்குக் கோபமே வரவில்லை. வந்திருந்தால் நான் தப்பித்திருப்பேன்.

நாடகம் தேர்வானது, சென்னைக்கு வந்துவிட்டேன். சில வருடம் பத்திரிகை, பிறகு தினசரித் தொடர்கள். முடிய வேண்டிய கதையை அங்கே முடிக்க விடமாட்டார்கள். ஒரே கூடத்தில் மாமியாரையும் மருமகளையும் வருடக்கணக்காக நிற்கவைத்தேன். நானும் அவர்களோடு நின்றேன். போதும் என்று பேனாவை மூடும்போதெல்லாம் உங்கள் 'ஒருத்தராச்சும்' காதில் கேட்கும். மறுபடி திறப்பேன்.

இப்போது கல்லூரியில் திரைக்கதை சொல்லித்தருகிறேன். பார்க்காததைப் பார்த்ததாக எழுதாதீர்கள் என்பது முதல் பாடம். அதற்கு உதாரணம் பாப்பாரப்பட்டி. முதல் தடவை சொன்னபோது 'நான்தான்' என்று சொல்ல நா எழவில்லை. 'என் நண்பர் ஒருவர்' என்று ஆரம்பித்துவிட்டேன். பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அதன்பிறகு எந்த வருடமும் என்னால் மாற்றிச் சொல்ல முடியவில்லை.

நேற்று, நீங்கள் இல்லாத இந்த நேரத்திலாவது திருத்திவிட வேண்டும் என்றுதான் வகுப்புக்குப் போனேன். வாய் பழகிய வழியிலேயே போனது. முடித்ததும் ஒரு மாணவி கேட்டாள்: "அந்த நண்பர் இப்போ என்ன சார் பண்றாரு?"

"இறந்துட்டாரும்மா."

வகுப்பில் சிரிப்பு நின்றது. "பாவம் சார். ஒரே ஒரு தப்புதானே" என்றாள். மற்றவர்களும் ஆமாம் என்றார்கள்.

நானும் தலையாட்டினேன். அத்தனை பிள்ளைகளும் உங்களை மன்னித்துவிட்டார்கள், பாய்.