பொழுதுக்கல்லின் பாதி வசனம்

உன் கொப்பிக்குள் எறும்பு புகுந்திருக்கிறது. பையைத் திறந்ததும் வரிசையாக வெளியே வந்தன. பக்கங்களைப் புரட்டினேன். கடைசிப் பக்கங்களுக்கு நடுவே ஒரு கற்கண்டுத் துண்டு நசுங்கி, தாளோடு ஒட்டிக் கிடந்தது. நேற்று உன் தங்கச்சி கொண்டுவந்து கொடுத்த கொப்பி இது.

"அக்கா இத ஒங்ககிட்டத்தான் குடுக்கச் சொன்னாங்க. அவங்க முப்பத்தோராம் நாள் பூசைக்கு வருவீங்கன்னு பாத்தேன்" என்றாள். நான் ஏன் வரவில்லை என்று அவளுக்குச் சொல்லவில்லை. உனக்குத் தெரியும்.

ஒரு கற்கண்டில்தானே எல்லாம் ஆரம்பித்தது. நாவலப்பிட்டியிலிருந்து கண்டிக்குக் காலை ரயிலில் நாமிருவரும் வேலைக்குப் போய்வந்த காலம். நீ காப்புறுதிக் கந்தோரில், நான் ஒரு பாடசாலை அலுவலகத்தில். உனக்கு எப்போதும் தொண்டைக் கரகரப்பு. கைப்பையில் ஒரு சின்ன டப்பாவில் கற்கண்டு இருக்கும். கம்பளை தாண்டியதும் யன்னலில் வெயில் விழும். ஒருநாள் ஒரு கட்டியை எடுத்து அந்த வெயிலில் பிடித்தாய்.

"இங்க பாருடி. இத இப்பிடித் திருப்புனா போன பொழுது திரும்பி வந்துரும்."

"சும்மா வந்துருமா? பக்கத்துல நிக்கிறவளோட பொழுதுல இருந்து எடுத்துத்தான் ஒனக்குக் குடுக்கும்" என்றேன்.

நீ கட்டியை வாயில் போட்டுக்கொண்டு, "அப்ப இத எழுதணும்" என்றாய். கல் உன்னுடையது, அதன் சட்டம் என்னுடையது. கண்டி வருவதற்குள் அதற்குப் பொழுதுக்கல் என்று பெயரும் வைத்தோம்.

மறுநாளே கொப்பி வாங்கி வந்தாய். காலை ரயிலில் நீ எழுத வேண்டும், மாலை ரயிலில் நான். இறங்கும்போது எழுதிக்கொண்டிருக்கிற வசனத்தை முடிக்கக்கூடாது. பாதியில் நிறுத்தி மற்றவளிடம் கொடுத்துவிட வேண்டும். "முடிச்சிட்டா அடுத்தவளுக்குச் சோம்பல் வந்துரும்" என்பாய். எதிரில் உட்காருகிற சிங்கள மாமி, நாம் மாறி மாறி நவநாள் செபம் எழுதுகிறோம் என்று நினைத்து, தன் மகனின் பரீட்சைக்கும் ஒரு வரி சேர்க்கச் சொன்னார். நீ சிரிக்காமல் தலையாட்டினாய். நான்தான் யன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

நாலு வருடத்தில் ஆறு கொப்பி. பனி விலகாத ஒரு மலைநாடு, ஏழு வாசல் வைத்த குகை, உள்ளே பொழுதுக்கல். அதை எடுத்துத் திருப்பித் திருப்பிப் போன நாட்களை மறுபடி வாழ்கிற ராணி. அவள் ஒவ்வொரு முறை திருப்பும்போதும், பக்கத்தில் நிற்கிற காவல்காரிக்கு ஒரு வயது ஏறும். ராணியை நீ எழுதினாய். காவல்காரி என் பங்கு.

அம்மா படுக்கையில் விழுந்தபோது நான் ஆறு மாதம் லீவு போட்டேன். "கொப்பியெல்லாம் எங்கிட்ட பத்திரமா இருக்கும். நீ அம்மாவப் பாரு" என்றாய். பத்திரமாகத்தான் இருந்தன. அம்மாவை அடக்கம் செய்துவிட்டு வேலைக்குத் திரும்பினால், என் மேசையில் ஒரு புத்தக வெளியீட்டு அழைப்பிதழ் கிடக்கிறது. அதுவும் நீ வைத்ததல்ல, கூட வேலை செய்கிறவர் வைத்தது. பொழுதுக்கல் என்று தலைப்பு. கீழே உன் பெயர் மட்டும்.

புத்தகத்தை வாங்கி, ரயிலில் நின்றுகொண்டே படித்தேன். முன்னுரையில் ரயிலுக்கு நன்றி சொல்லியிருந்தாய், மழைக்கு நன்றி, எதிர் ஆசனத்து மாமிக்கும் நன்றி. எனக்கு இல்லை. எந்தப் பக்கத்தைத் திறந்தாலும் உன் பாதியை என் பாதி முடித்துவைத்திருந்தது. வாசிக்கிறவர்களுக்கு அந்த ஒட்டு தெரியாது. எனக்கு ஒவ்வொன்றும் தெரிந்தது.

மறுநாள் ரயில் மேடையில் உன்னைப் பிடித்துக் கேட்டேன். "என் பேரு எங்கடி?"

நீ ரயில் வருகிற பக்கமே பார்த்துக்கொண்டு சொன்னாய்: "கல்லு என் யோசனதானே. நீ கூடமாட எழுதுன, அவ்வளவுதான்."

கூடமாட. நாலு வருடத்துக்கு நீ வைத்த பெயர் அது. நான் எழுதிய சட்டத்தை என் மேலேயே நடத்திக் காட்டினாய். கல்லைத் திருப்பினவள் நீ, பொழுது போனது எனக்கு. அன்றிலிருந்து நான் கடைசிப் பெட்டியில் ஏறினேன். மூன்று வருடம் ஒரே ரயிலில் போய்வந்தோம், ஒரு வார்த்தை பேசவில்லை. நீ வேலைக்கு வருவது நின்றதும், வருத்தம் கடுமையாகிப் படுத்த படுக்கையாக இருக்கிறாய் என்று கேள்விப்பட்டேன். வந்து பார்க்கவில்லை. நீயாக வந்து மன்னிப்புக் கேட்பாய் என்று வீம்பாக இருந்தேன். நீ செத்துப்போனாய். இந்தக் கோபத்தை இனி நான் எங்கே கொண்டுபோய் வைப்பது?

இன்று காலை ரயிலில் கொப்பியை முழுதாகப் பார்த்தேன். இது ஆறாவது. நாம் நிறுத்திய இடத்துக்குப் பிறகு, கற்கண்டு ஒட்டியிருந்த பக்கத்தில், உன் கையெழுத்தில் புதிதாக இரண்டு வரி இருக்கிறது. எழுத்து நடுங்கியிருக்கிறது. புத்தகத்தில் இல்லாத வரி.

"ராணி கல்லை எடுத்துக்கொண்டு காவல்காரியின் வீட்டுக்கு நடந்தாள். வாசலில் வந்து நின்று, தலையைக் குனிந்து,"

அவ்வளவுதான். காற்புள்ளி போட்டு நிறுத்தியிருக்கிறாய். மிச்சம் என் முறையாம்.

எனக்கு அழுகை வந்தது. அதைவிட ஆத்திரம் வந்தது. மன்னிப்புக் கேட்கிற வேலையைக்கூட என் தலையில் கட்டிவிட்டுப் போயிருக்கிறாய். அந்த ஒரு சொல்லை எழுத உன் கைக்கு என்ன குறைச்சல்? காற்புள்ளிக்குப் பிறகும் தாளில் நிறைய இடம் இருந்ததே.

கம்பளையில் பென்சிலை எடுத்தேன். பேராதனை வரைக்கும் கையிலேயே வைத்திருந்துவிட்டுத் திரும்பப் பைக்குள் போட்டேன். நாளைக்கும் எடுப்பேன் என்று நினைக்கிறேன். எறும்பைத் தட்டிவிட்டேன், கற்கண்டைப் பிய்த்தால் உன் எழுத்தும் சேர்ந்து கிழியும் என்று அப்படியே விட்டிருக்கிறேன். கொப்பி இனி என் கைப்பையில்தான் இருக்கும்.

ஆனால் அந்த வசனத்தை நான் முடிக்கமாட்டேன். உன் வாயால் வர வேண்டியதை என் கையால் எழுதமாட்டேன். நீ அந்த வாசலிலேயே நில். நான் கதவைச் சாத்தவில்லை, அவ்வளவுதான்.