பின்மூடிக்குள் ஒரு சீட்டு

ஜமுனாமரத்தூர்
மார்கழி 9

அன்பு மகள் தேவயானிக்கு அம்மா எழுதுவது. மலையில் குளிர் இறங்கிவிட்டது என்பதைத் தவிர எங்களுக்கு இங்கே ஒரு குறையும் இல்லை. வெராவல் கடலோரத்தில் நீயும் வேளைக்குச் சாப்பிட்டு நல்லபடியாக இருப்பாய் என்று நம்பித்தான் பேனாவை எடுத்திருக்கிறேன். போனில் சொன்னால் ஆகாதா என்பாய். போனில் நான் வாயைத் திறந்ததும் சரிம்மா சரிம்மா என்று மூன்று தடவை சொல்லி வைத்துவிடுவாய், கடிதத்தில் அந்த வேலை நடக்காது, கடைசிவரை படித்தே ஆகவேண்டும். சாமை அறுத்துத் தூற்றி வீட்டுக்கு வந்துவிட்டது, இந்த வருஷம் நல்ல விளைச்சல். உன் அப்பாவுக்கு முட்டிவலி தேவலை, ஆனால் புளியமரம் ஏறுவேன் என்று இப்போதே அடம்பிடிக்கிறார். முத்தம்மாள் அத்தை வாரம் தவறாமல் என் போன் கடைக்கு வந்து உன் கல்யாணத்தைப் பற்றிக் கேட்கிறாள், மீனுக்கெல்லாம் வயசு பார்க்கிறவளுக்குத் தன் வயசு தெரியாதா என்கிறாள். நான் சிரித்துக்கொண்டே அவள் போனில் சத்தத்தைக் கூட்டிக் கொடுத்து அனுப்பிவிடுகிறேன்.

உன் போன் பிழைத்ததும், நீ நான்கு மாதம் படகில் நின்று அளந்த வாளைமீன் கணக்கு கிடைத்ததும் நேற்றே உனக்குத் தெரியும். எப்படிப் பிழைத்தது என்று தெரியாதே. பார்சல் வந்த அன்று நான் உதிரிபாகம் வாங்கப் போளூர் போயிருந்தேன். உன் அப்பா பிரித்துப் பார்த்திருக்கிறார், கடல்தண்ணீரில் விழுந்த போன் என்று நீ வைத்த சீட்டைப் படித்திருக்கிறார், டவுன்காரன் அரிசியில் போடுவான், நமக்குச் சாமை இருக்கிறதே என்று புதுச்சாமை டிரம்மின் அடியில் புதைத்து மூடியும் போட்டுவிட்டார். நான் வந்ததும் பெரிய வைத்தியம் பார்த்த முகத்தோடு சொல்கிறார். எனக்கு வந்த கோபத்துக்கு அந்த டிரம்மை அப்படியே கவிழ்த்தேன். அரிசி என்றால் வெளியிலேயே நின்றுவிடும், சாமை நுழையாத ஓட்டை உண்டா. சார்ஜ் போடும் வாயிலிருந்தும் ஸ்பீக்கர் ஓட்டையிலிருந்தும் மைக்ராஸ்கோப்புக்கு அடியில் வைத்து ஊசியால் பதினொரு சாமைமணி எடுத்தேன். அதைவிட, சாமை தண்ணீரை இழுத்தாலும் உப்பை விட்டுவிடும். உப்பு காய்ந்து போர்டின் மேல் பச்சை பூத்துக் கிடந்தது.

பேட்டரியைக் கழற்றி எடுத்துவிட்டு, போர்டைச் சுத்தத் தண்ணீரில் கழுவினேன். உன் அப்பா பதறிப்போய், தண்ணி குடிச்சு செத்த போனை மறுபடியும் தண்ணிலயே போடறியே, இன்னா பொம்பள நீ என்றார். உப்புக்கு மருந்து தண்ணிதாங்க, வூட்டுல உப்பு ஜாடி கழுவுனதே இல்லியா என்றேன். பிறகு ஸ்பிரிட்டில் கழுவிக் காயவைத்துப் பார்த்தால் அப்போதும் உயிர் இல்லை, எங்கேயோ ஒரு இடத்தில் ஷார்ட். அங்கேதான் என் சாப்ட்வேர் வந்தது. நீ மீனின் காதுக்கல்லைப் படம் பிடித்து, மரத்தை அறுத்தால் தெரிகிற வளையம் மாதிரி ஒவ்வொன்றாய் எண்ணி வயசு சொல்ல ஒரு சாப்ட்வேர் வைத்திருக்கிறாய் அல்லவா, நான் போன் போர்டின் வரைபடம் காட்ட ஒன்று வைத்திருக்கிறேன். திரையில் ஒரு புள்ளியைத் தொட்டால் அதோடு சேர்ந்த வழி முழுக்க ஒளிரும். ஒவ்வொரு வழியாக அளந்து கொண்டுபோனதில் இரண்டாம் நாள் மதியம் அகப்பட்டது, கடுகைவிடச் சின்ன ஒரு கெப்பாசிட்டர், உப்பில் செத்து கரண்டை வழியிலேயே குடித்துக்கொண்டிருந்தது. அதைப் பிடுங்கி எறிந்ததும் திரை வந்தது. உன் அப்பா சாமைதான் காப்பாற்றியது என்று இன்றைக்கும் தெருவில் சொல்லிக்கொண்டு திரிகிறார், சொல்லட்டும்.

இரண்டாயிரத்து நூற்றுப் பன்னிரண்டு மீன் தேவி, என் கண்ணால் பார்த்தேன். நீளம், எடை, பிடித்த இடம், தேதி. மழையில் நின்று எழுதியதும் காய்ச்சலோடு எழுதியதும் எனக்குத் தேதியைப் பார்த்தே தெரிந்தது, அன்றெல்லாம் நீ எனக்குப் போன் செய்திருக்கிறாய். பெருமையாக இருந்தது, அழுகையும் வந்தது, மறைப்பானேன். கடைசி நாள் முப்பத்தெட்டு மீனுக்கு மட்டும் வரிசை எண் இருக்கிறது, நீளம் எழுதும் இடம் வெறுமை. நீ சேமிக்கும் முன்பே போன் தண்ணீரில் விழுந்திருக்க வேண்டும். இரண்டு நாள் தேடிவிட்டேன், அது இந்தப் போனில் இல்லை.

இதை நேற்று சொன்னபோது நீ சிரித்துக்கொண்டே, முப்பத்தெட்டுதானேம்மா, முன்னாடி இருக்கறத வெச்சி சாப்ட்வேரே ஒரு அளவு போட்டுக்கும், யாருக்குத் தெரியப் போவுது என்றாய். அந்தக் கடைசி வார்த்தைக்காகத்தான் இந்தக் கடிதம். பொங்கல் முடிந்ததும் நீ ஆய்வறிக்கை கொடுக்க வேண்டும், அவசரம் எனக்கும் புரிகிறது.

நான் கடை வைத்த முதல் வருஷம், நீ அப்போது ஒன்பதாவது, காவலூர் சக்திவேல் சார்ஜ் ஏறவில்லை என்று போன் கொண்டுவந்தார். சரிசெய்து கொடுத்தேன். பேட்டரி லேசாக உப்பியிருந்ததைப் பார்த்தேன், சொல்லவில்லை. புதுக்கடை, பொம்பளை கடை, குறை சொன்னால் அடுத்த தடவை வரமாட்டார்களோ என்று பயம். ஒரே மாதத்தில் திரையைத் தூக்கிக்கொண்டு பேட்டரி வெளியே வந்துவிட்டது, அதுவும் அவர் குழந்தை கையில் இருக்கும்போது. குழந்தைக்கு ஒன்றும் ஆகவில்லை. அவர் சத்தம்கூடப் போடவில்லை. தெரிஞ்சும் இன்னாத்துக்குமா சொல்லாம வுட்ட என்று கேட்டார், அவ்வளவுதான். இன்றைக்கு நினைத்தாலும் எனக்கு முகம் சுடுகிறது. அன்றையிலிருந்து எந்தப் போனைச் சரிசெய்தாலும் என்ன மாற்றினேன், எது என்னால் முடியவில்லை என்று ஒரு சின்னச் சீட்டில் எழுதிப் பின்மூடிக்குள் ஒட்டித்தான் கொடுக்கிறேன். அதைப் படித்துவிட்டு யாரும் என்னை விட்டுப் போகவில்லை, ஒடுகத்தூரிலிருந்துகூட மலையேறி வருகிறார்கள்.

உன் படிப்பு எனக்குத் தெரியாது. கணக்குப் போட்டு நிரப்புவது உங்கள் வழக்கம் என்றால் தாராளமாக நிரப்பு. ஆனால் நிரப்பினேன் என்று எழுதிவிட்டு நிரப்பு. அளக்காத மீனை அளந்தேன் என்று மட்டும் சொல்லாதே. உன் கணக்கை நம்பி நாளைக்கு எவ்வளவு மீன் பிடிக்கலாம் என்று யாராவது முடிவெடுப்பார்கள் என்று நீதானே சொன்னாய், அவர்கள் கையிலும் குழந்தை இருக்கும்.

காதுக்கல் படங்களை இங்கிருக்கிற சிக்னலில் அனுப்ப முடியவில்லை, பென்டிரைவில் போட்டுத் தனித் தபாலில் அனுப்பியிருக்கிறேன், ஒன்று தொலைந்தாலும் ஒன்று வந்துசேரும். இனிமேல் படகில் போனைக் கயிறு கட்டிக் கழுத்தில் மாட்டிக்கொள், கரைக்கு வந்ததும் முதல் வேலையாகக் கணக்கை வேறு இடத்தில் ஏற்று, பிறகு குளி. நீ எடுத்த காரியம் கைகூடும், எனக்கு அதில் சந்தேகமே இல்லை. உடம்பும் மனசும் தெம்பாக இருந்து நூறு வருஷம் நன்றாக இரு, மகளே. போன் பார்சலில் அப்பா தன் ஆசீர்வாதத்தோடு ஒரு படி சாமையும் வைத்திருக்கிறார், அது பொங்கிச் சாப்பிட, போனுக்கு அல்ல.

போன் வந்ததும் பின்மூடியைத் திறந்து பார். உனக்கும் சீட்டு ஒட்டியிருக்கிறேன், மகள் என்று விடவில்லை. ஒரு கெப்பாசிட்டர் எடுத்தது, போர்டு கழுவியது, முப்பத்தெட்டு மீன் கிடைக்கவில்லை. அடியில் கொஞ்சம் இடம் விட்டிருக்கிறேன், நீ செய்ததை நீ எழுதிக்கொள்.

உன் அம்மா,
கோ. பூங்கோதை
செல்போன் பழுதுபார்ப்பவள்